யாரும் கேட்காத பியானோ

போன பெப்ரவரியில் மகளுக்குப் பள்ளிக்கூடத்தில் ஒரு வேலை கொடுத்திருந்தார்கள். ஒரு பழைய டெனிஷ் மௌனப்படத்தைப் பார்க்க வேண்டும். அதில் ஒரு காட்சியைத் தெரிந்தெடுத்து, அதற்குத் தானே இசை அமைத்து வகுப்பில் வாசித்துக் காட்ட வேண்டும். அவளுக்குப் பதினைந்து வயது, ஒன்பதாம் வகுப்பு. ஏழு வயதிலிருந்து எங்கள் கொம்யூன் இசைப்பள்ளியில் பியானோ பழகுகிறாள்.

அந்த நேரம் வீட்டில் ஒரு பிரச்சினை ஓடிக்கொண்டிருந்தது. கிம்னாசியத்தோடு சேர்த்து எம்.ஜி.கே. என்ற மூன்று வருட இசைப் பயிற்சிக்கு விண்ணப்பிக்கப் போகிறேன் என்று சொல்லியிருந்தாள். இங்கே இசைக் கல்லூரிக்குப் போக நினைக்கிற பிள்ளைகள் முதலில் செய்வது அது. நான் கேட்ட முதல் கேள்வி, "அதாலை சாப்பிட ஏலுமோ?" என்பதுதான். என் அப்பா என்னிடம் எத்தனையோ தரம் கேட்ட கேள்வி அது. என் வாயிலிருந்து அதே சொல், அதே தொனியில் வந்தபோது எனக்கே ஒரு மாதிரி இருந்தது. அவள் பதில் சொல்லவில்லை. அறைக்குப் போய்க் கதவைச் சாத்தினாள். பிறகு இரண்டு கிழமையாக அதைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை.

அதனால் "அம்மா, இந்தப் படத்தை என்னோடை இருந்து பாக்கிறீங்களா?" என்று அவள் கேட்டபோது நான் உடனே ஓம் என்றேன். படத்தின் பெயர் 'அஃப்குருண்டன்'. தமிழில் படுகுழி, பாதாளம் என்று சொல்லலாம். 1910இல் எடுத்தது. முப்பத்தேழு நிமிடம்தான்.

அம்மாவும் வந்து இருந்தா. அப்பா காலமான பிறகு அம்மா எங்களோடுதான். கடையில், டாக்டரிடம், பஸ்ஸில் பேசுகிற அளவுக்கு டெனிஷ் தெரியும். ஆனால் நாங்கள் டெனிஷ் தொடர் பார்க்கத் தொடங்கினால் "நீங்கள் பாருங்கோ" என்று எழும்பிப் போய்விடுவா. அன்றைக்கு மகள் கையைப் பிடித்து இழுத்தாள். "அம்மம்மா, இது சத்தமில்லாத படம். உங்களுக்கு டெனிஷ் தேவையில்லை. எனக்கு விளங்கிறதுதான் உங்களுக்கும் விளங்கும்."

முப்பத்தெட்டு வருடம் இந்த நாட்டில் இருந்த அம்மா, எங்களுக்குச் சமமாக இருந்து பார்த்த முதல் டெனிஷ் படம் அதுதான்.

கதை சின்னது. மாக்டா வாங் கோபன்ஹேகனில் பியானோ சொல்லிக் கொடுத்துச் சீவிக்கிற ஒரு இளம்பெண். டிராமில் க்னூட் என்ற இளைஞனைச் சந்திக்கிறாள். அவன் ஒரு பாதிரியாரின் மகன், நல்ல குடும்பம். கோடை விடுமுறைக்கு நாட்டுப்புறத்தில் இருக்கிற தன் தாய் தகப்பன் வீட்டுக்கு அவளைக் கூப்பிடுகிறான். அந்தப் பக்கம் ஒரு சர்க்கஸ் கூட்டம் வருகிறது. அதில் ரூடொல்ஃப் என்ற கலைஞனைப் பார்த்து அவள் மயங்கிப் போகிறாள். இரவோடு இரவாக அவனோடு குதிரையில் ஏறிப் போய்விடுகிறாள். பிறகு அவன் வேறு பெண்களோடு திரிவதும், இவள் தாங்குவதும், சண்டை பிடிப்பதும், விட்டுப் போக முடியாமல் நிற்பதும்தான் கதை. கடைசியில் ஒரு தோட்டத்து உணவகத்தில் பியானோ வாசித்து இரண்டு பேரின் வயிற்றையும் அவள்தான் பார்க்கிறாள். அங்கே க்னூட் அவளைக் காண்கிறான். தான் யார் என்று சொல்லாமல் தனியே சந்திக்க ஆள் அனுப்புகிறான். காசு வரும் என்று ரூடொல்ஃபே அவளைப் போகச் சொல்கிறான். உள்ளே இருப்பது க்னூட் என்று தெரிந்ததும் அடிதடி. தன்னைக் காப்பாற்றிக்கொள்ளப் போய் அவள் ரூடொல்ஃபைக் கத்தியால் குத்திவிடுகிறாள். பொலிஸ் கூட்டிக்கொண்டு போகிறது. படம் முடிகிறது.

உண்மையைச் சொல்கிறேன். பாதிப் படம் ஓடுவதற்குள் என் மனதில் ஒரு பாடம் தயாராகிவிட்டது. பார், பியானோவை மட்டும் நம்பி இருந்த பிள்ளைக்கு என்ன நடந்தது என்று பார். நல்ல இடத்தை விட்டிட்டு ஒரு கூத்தாடியோடை போனாள். வாயைத் திறந்து சொல்லவில்லை. ஆனால் சொல்லுவதற்கு நேரம் பார்த்துக்கொண்டு இருந்தேன்.

படத்தின் நடுவில் ஒரு நடனம் வருகிறது. மாக்டா ஒரு கயிற்றால் ரூடொல்ஃபைக் கட்டிப் போட்டுவிட்டு அவனைச் சுற்றி, அவன் உடம்போடு உரசி உரசி ஆடுவாள். இன்றைக்குப் பார்த்தாலும் கொஞ்சம் கூச்சமாக இருக்கும். வேறு நாடுகளில் தணிக்கைக்காரர் வெட்டிய இடம் அதுதான். கமெராவை மேடைக்கு முன்னால் வைக்காமல் பக்கத்துத் திரைமறைவில் வைத்து எடுத்திருக்கிறார்கள். அதனால் நாங்கள் சபையில் இருந்து பார்க்கிற மாதிரி இல்லாமல், மேடைக்கு ஓரத்தில் ஒளிந்து நின்று பார்க்கிற மாதிரி இருக்கும். மகளும் நானும் ஆளை ஆள் பார்க்காமல் இருந்தோம். அம்மா மட்டும் கண் எடுக்கவில்லை.

"எங்கடை அம்மாச்சி சின்னமேளம் பற்றிச் சொல்லுவா," என்றா. "திருவிழாவிலை எல்லாரும் விடிய விடிய இருந்து பாப்பினமாம். விடிஞ்சாப் பிறகு அவையளைப் பற்றி ஒருத்தரும் நல்லதாக் கதைக்க மாட்டினமாம்."

படம் முடிந்து கொஞ்ச நேரம் ஒருவரும் பேசவில்லை. நான் என் பாடத்தை எடுக்கலாம் என்று நினைக்கும்போது அம்மா மகளிடம் கேட்டா.

"குஞ்சு, அந்தப் பிள்ளை பியானோ ரீச்சர் தானே?"

"ஓம் அம்மம்மா."

"அப்ப ஏன் ஒருத்தரும் அவளை ஒருக்கா வாசிச்சுக் காட்டு எண்டு கேக்கேல்லை?"

எனக்கு உடனே பதில் வரவில்லை. யோசித்துப் பார்த்தேன். க்னூட்டுக்கு அவள் ஒரு வடிவான பெண். அவன் வீட்டாருக்கு மகன் கூட்டிக்கொண்டு வந்த பெண், சரியா பிழையா என்று பார்க்க வேண்டியவள். ரூடொல்ஃபுக்கு மேடையில் கூட ஆடுகிறவள், பிறகு காசு கொண்டு வருகிறவள். உணவகத்தில் இருக்கிற சனத்துக்கு அவள் வாசிப்பது சாப்பாட்டுக்குப் பின்னால் கேட்கிற ஒரு சத்தம். கதை முழுக்க அவளுடைய வாசிப்பைக் கேட்பதற்கென்று வந்த ஒருவர் என் ஞாபகத்தில் இல்லை. அதோடு இது மௌனப்படம். அவள் விசைகளில் விரலை வைத்தாலும் எங்களுக்கும் ஒன்றும் கேட்காது.

அன்றிரவு எல்லாரும் படுத்த பிறகு அந்த நடிகையைப் பற்றித் தேடித் தேடி வாசித்தேன். வாசிக்க வாசிக்க நான் தயாரித்து வைத்த பாடம் கொஞ்சம் கொஞ்சமாகக் கழன்று போனது.

ஆஸ்தா நீல்சன் 1881ஆம் ஆண்டு செப்டம்பர் 11ஆம் திகதி கோபன்ஹேகனின் வெஸ்டர்புரோவில் பிறந்தவர். அப்போது அது கூலிச் சனம் நெருக்கமாக வாழ்ந்த பகுதி. தாய் உடுப்புத் தோய்த்துச் சம்பாதித்தவர். தகப்பனுக்கு நிலையான வேலை இருந்ததில்லை. குடும்பம் வேலை தேடிச் சுவீடனுக்குப் போய்த் திரும்பி வந்தது. ஆஸ்தாவுக்குப் பதினான்கு வயதில் தகப்பன் இறந்துவிட்டார். அப்படிப்பட்ட வீட்டிலிருந்து வந்த பிள்ளை கோபன்ஹேகன் அரச நாடக அரங்கின் பயிற்சிப் பள்ளிக்குப் போனார். அங்கே படிக்கிற காலத்தில், 1901இல், கல்யாணம் கட்டாமலே ஒரு பெண்பிள்ளை பிறந்தது. பெயர் யெஸ்தா. தகப்பன் யார் என்று ஆஸ்தா கடைசி வரை வெளியில் சொல்லவில்லை. தாயினதும் தமக்கையினதும் உதவியோடு பிள்ளையை வளர்த்துக்கொண்டே நடித்தார்.

கோபன்ஹேகன் மேடைகளில் அவருக்கு நல்ல பாத்திரங்கள் கிடைக்கவில்லை. குரல் மிகவும் ஆழமாக இருக்கிறது என்றார்கள். அந்தக் காலத்துக் கதாநாயகியின் சாயலும் அவருக்கு இல்லை. அவர் நடித்த நாடக அரங்கில் வேலை செய்த ஊர்பன் காட் என்பவர்தான் அவருக்காகவே 'அஃப்குருண்டன்' கதையை எழுதி இயக்கினார். சினிமாவில் பெயர் எடுப்பது அவர்கள் நோக்கம் இல்லை. நாடக முதலாளிகள் இதைப் பார்த்தாவது ஒரு நல்ல பாத்திரம் தர மாட்டார்களா என்பதுதான் எண்ணம். செலவு 8,000 குரோனர் அளவில். எட்டு நாளில் எடுத்து முடித்தார்கள். க்னூட்டாக ரொபர்ட் டினசனும் ரூடொல்ஃபாக பொவுல் ரொய்மெர்ட்டும் நடித்தார்கள். கோபன்ஹேகனில் கொஸ்மொராமா தியேட்டரில் 1910 செப்டம்பர் 12ஆம் திகதி படம் வெளியானது. ஆஸ்தாவின் இருபத்தொன்பதாவது பிறந்தநாளுக்கு அடுத்த நாள்.

அப்போது ஒரு படம் என்றால் பெரும்பாலும் பத்துப் பதினைந்து நிமிடம்தான். அதே 1910இல் எங்கள் ஓர்ஹூஸில் இருந்த ஃபொட்டொராமா என்ற கம்பனி ஒரு நீளமான படத்தை எடுத்துச் சனத்தை இழுத்திருந்தது. அதைக் காட்சிக்குக் காட்சி பார்த்துத் திரும்ப எடுத்தது நோர்டிஸ்க் ஃபில்ம். எங்கள் பிள்ளைகள் இன்றைக்கும் தியேட்டரில் காண்கிற அந்த வெள்ளைக்கரடிக் கம்பனிதான். 1906இல் தொடங்கியது. நீளப்படத்தைச் சனம் பொறுமையாக இருந்து பார்க்கும் என்று தெரிந்த அந்த வருடத்தில்தான் 'அஃப்குருண்டன்' வந்தது. படம் நாடு நாடாக ஓடியது. ஆஸ்தாவும் ஊர்பன் காட்டும் அடுத்த வருடமே ஜேர்மனிக்குப் போனார்கள். எழுபதுக்கு மேற்பட்ட படங்கள் நடித்தார். அதில் டென்மார்க்கில் எடுத்தவை நாலே நாலு.

இந்த இடத்தில் நான் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். பேச்சு இல்லாத படம் என்றபடியால் ஒரு டெனிஷ்காரி ஜேர்மன் படங்களில் கதாநாயகியாக இருக்க முடிந்தது. உச்சரிப்பு சரியா, இலக்கணம் சரியா என்று பார்க்க ஒன்றும் இல்லை. பேசும்படம் வந்த பிறகு அவர் நடித்தது ஒரே ஒரு படம். பிறகு டென்மார்க்குக்குத் திரும்பி வந்து 1972இல் காலமானார்.

1910இல் மாக்டாவைப் போன்ற ஒரு டெனிஷ் பெண்ணுக்கு நாடாளுமன்றத் தேர்தலில் வாக்கு இல்லை. அது வந்தது 1915இல். கல்யாணம் கட்டாத, ஓரளவு படித்த ஒரு பெண் மரியாதை கெடாமல் சம்பாதிக்கக்கூடிய சில தொழில்களில் பியானோ சொல்லிக் கொடுப்பதும் ஒன்று. பழகு, ஆனால் வீட்டுக்குள்ளே பழகு. சொல்லிக் கொடு, ஆனால் மேடை ஏறாதே. ஊருக்கு ஊர் இந்த விதி பெரிதாக வித்தியாசப்படவில்லை.

இந்தியாவில் மூன்று வருடம் கழித்து, 1913இல், பால்கே 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது தாராமதியாக நடிக்க ஒரு பெண்ணும் கிடைக்கவில்லை. அன்னா சாலுங்கே என்ற ஆண்தான் சேலை கட்டி அரசியாக நடித்தார். அதற்கு அடுத்த படத்தில் நடிக்க வந்தவர்கள் ஒரு தாயும் மகளும். துர்காபாய் காமத், கமலாபாய். துர்காபாய் கணவனைப் பிரிந்து தனியாகப் பிள்ளையை வளர்த்தவர். எங்கள் தமிழின் முதல் பேசும்படம் 1931இல் வந்த 'காளிதாஸ்'. அதில் கதாநாயகி திருவையாற்றில் பிறந்த டி. பி. ராஜலட்சுமி. சின்ன வயதிலேயே கட்டி வைத்த கல்யாணம் முறிந்து, பிழைப்புக்காக நாடகக் கம்பனிக்குப் போன பிள்ளை. 1936இல் 'மிஸ் கமலா' என்ற படத்தைத் தானே எழுதி இயக்கினார்.

இவர்கள் எல்லாரிடமும் "அதாலை சாப்பிட ஏலுமோ" என்று கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பார்கள் என்று யோசித்தேன். சாப்பாட்டுக்காகத்தான் வந்தோம் என்று சொல்லியிருப்பார்கள். மாக்டாவும் கடைசி வரை பியானோவால்தான் சாப்பிட்டாள், ரூடொல்ஃபுக்கும் சாப்பாடு போட்டாள். அவளைப் படுகுழியில் தள்ளியது பியானோ இல்லை. அதை நான் எப்படிப் பார்க்காமல் விட்டேன்?

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அம்மா யாழ்ப்பாணத்தில் பாட்டு ரீச்சர். வட இலங்கைச் சங்கீத சபைப் பரீட்சைகள் ஒவ்வொன்றாக எழுதிச் சித்தியடைந்து, ஒரு பள்ளிக்கூடத்தில் படிப்பித்துக்கொண்டு, பின்னேரத்தில் வீட்டிலும் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தவ. 1987இல் என்னையும் தூக்கிக்கொண்டு இங்கே வந்தபோது எனக்கு நாலு வயது. யூலண்டில் ஒரு சின்ன ஊர். டெனிஷ் படிக்கப் போனா. பிறகு ஒரு தொழிற்சாலையில் விடியப்புறம் துப்பரவு வேலை. இருபத்திரண்டு வருடம். குளிர் இரசாயனத் தண்ணீரில் நின்று நின்று குரல் கட்டிவிட்டது என்று சொல்லுவா. கோயிலில் தேவாரம் பாடுகிற சத்தம் கேட்டால் மெல்லச் சொண்டு அசையும். அவ்வளவுதான்.

வீட்டில் நாங்கள் மூன்று பிள்ளைகள். டியூஷன், நீச்சல், தமிழ்ப் பள்ளிக்கூடம், பரதநாட்டிய வகுப்பு என்று எங்களைக் காரில் ஏற்றி இறக்கினா. அரங்கேற்றங்களுக்குப் போனோம், யார் யாரோ பாடக் கேட்டோம். "அம்மா, ஒருக்காப் பாடிக் காட்டுங்கோ" என்று நான் கேட்டதாக ஞாபகம் இல்லை. ஒரு தரமும் இல்லை. அம்மா பாட்டு ரீச்சர் என்பது எனக்குத் தெரியும். அப்பா ஊரில் தபாற்கந்தோரில் இருந்தவர் என்று தெரிகிற மாதிரி அதுவும் ஒரு தகவல்.

அன்றைக்கு மாக்டாவைப் பற்றிக் கேட்ட கேள்வியை அம்மா எனக்குக் குத்திக்காட்டக் கேட்கவில்லை. அது அம்மாவின் குணம் இல்லை. ஆனால் பட வேண்டிய இடத்தில் பட்டது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மகள் பியானோவுக்கு முன்னால் மடிக்கணினியை வைத்துக்கொண்டு திண்டாடிக்கொண்டிருந்தாள். இரண்டு இடத்துக்கு இசை போடப் போகிறாளாம். ஒன்று டிராமில் இருவரும் சந்திக்கிற காட்சி. மற்றது கடைசியில் பொலிஸ் அவளைக் கூட்டிக்கொண்டு போகிற காட்சி. ஆஸ்தா அங்கே அழ மாட்டார், கத்த மாட்டார். முகத்தில் ஒன்றும் இல்லாமல், நித்திரையில் நடக்கிற ஆள் மாதிரி நடந்து போவார். மகள் கனமான கோர்ட்டுகளைப் போட்டுப் பார்த்தாள். இடியும் மின்னலும் மாதிரி இருந்தது.

குசினியில் மரக்கறி வெட்டிக்கொண்டிருந்த அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்தா. "அவள் அவ்வளவு அமைதியாப் போறாள். நீ ஏன் கத்திறாய்?" என்றா.

"அப்ப என்ன வாசிக்கிறது அம்மம்மா?"

அம்மா கொஞ்சம் யோசித்தா. "முதல் காட்சிக்கு மோகனம் வாசி. அஞ்சு சுரம்தான். உன்ரை பியானோவிலை எல்லாம் வெள்ளைக்கட்டை." ஸ ரி க ப த என்று மெல்லச் சொல்லிக் காட்டினா. மகள் ஸி, டி, ஈ, ஜி, ஏ என்று விரலை வைத்தாள். சந்தோஷமான, வெளிச்சமான சத்தம். டிராம் வந்து நிற்கிறது, அவன் பார்க்கிறான், அவள் சிரிக்கிறாள். பொருந்தியது.

"இப்ப அந்தக் காந்தாரத்தை மட்டும் ஒரு கட்டை கீழை இறக்கு. மற்றது ஒண்டையும் தொடாதை."

மகள் ஈயை விட்டுப் பக்கத்துக் கறுப்புக்கட்டையில் விரலை வைத்தாள். அதே ஐந்து இடம், ஒரு சுரம்தான் மாறியது. சிவரஞ்சனி. இத்தனை நாள் சினிமாப் பாட்டுகளில் அந்தச் சோகத்தைக் கேட்டிருக்கிறேன். அது மோகனத்துக்கு இவ்வளவு பக்கத்தில் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. மகள் ஈயையும் ஈ ஃபிளாட்டையும் மாறி மாறி வாசித்துப் பார்த்துவிட்டு டெனிஷில் ஏதோ சொன்னாள். "இவ்வளவுதானா வித்தியாசம்" என்ற மாதிரி.

"கடைசிக் காட்சிக்கு அதைத்தான் வாசிக்கட்டா?"

"பாதி தூரத்துக்கு வாசி. பிறகு அதையும் விட்டிட்டு ஸாவும் பாவும் மட்டும் பிடி. தம்புரா மாதிரி. அவளுக்கு அதுக்கு மேலை ஒண்டும் கேட்டிராது."

மகள் வாசித்தாள். ஆனால் பியானோவில் ஒரு சுரத்தை வளைக்க முடியாது, கமகம் வராது. மகளுக்கு அது திருப்தியில்லை. "நீங்கள் பாடுங்கோ அம்மம்மா, நான் ரெக்கோர்ட் பண்ணிறன்" என்றாள். அம்மா "எனக்குக் குரல் போட்டுது" என்று குசினிக்குத் திரும்பப் பார்த்தா. வழமையாக நானும் "சரி, அம்மாவை விடு" என்றுதான் சொல்லியிருப்பேன். அன்றைக்கு நான் கதவடியில் நின்றுகொண்டு சொன்னேன், "எனக்கும் கேக்கவேணும் அம்மா."

அம்மா என்னை ஒரு தரம் பார்த்தா. பிறகு கதிரையை இழுத்துப் பியானோவுக்குப் பக்கத்தில் இருந்தா. மகள் ஸா பா பிடித்தாள். முதலில் சுருதி சேரவில்லை. இருமினா, தண்ணி கேட்டா. ஒரு கட்டை இறக்கச் சொன்னா. பிறகு வார்த்தை இல்லாமல் ஆலாபனையாக ஒன்றரை நிமிடம் பாடினா. மேலே போகிற இடத்தில் குரல் உடைந்தது. அந்த இடத்தை விட்டுவிட்டுக் கீழேயே நின்று பாடி முடித்தா. எனக்கு நாற்பத்திரண்டு வயது. என் அம்மா பாட, நான் அதற்கென்றே இருந்து கேட்டது அன்றைக்குத்தான்.

வகுப்பில் அந்தக் காட்சிக்கு அம்மம்மாவின் குரலும் பேத்தியின் பியானோவும்தான் போனது. மௌனப்பட காலத்தில் தியேட்டரில் திரைக்குப் பக்கத்தில் இருந்து ஒருவர் பியானோ வாசிப்பார் என்றும், திரையில் மாக்டா வாசிக்கிறபோது சனத்துக்குக் கேட்டது அந்த ஆளின் வாசிப்புத்தான் என்றும் மகள் வகுப்பில் விளங்கப்படுத்தினாளாம். அது என்ன ராகம் என்று ஒரு பிள்ளை கேட்டதாம். அதை அம்மாவிடம் வந்து சொன்னபோது அம்மா இரண்டு தரம் திருப்பிக் கேட்டா. "டெனிஷ் பிள்ளையோ கேட்டது?"

எங்களைப் போல இங்கே வளர்ந்து, இங்கே பிள்ளை வளர்க்கிற ஆட்களுக்கு நான் பெரிதாகச் சொல்ல ஒன்றும் இல்லை. சங்கீதம் பழக விடுகிறோம், காரில் கொண்டு போய் இறக்குகிறோம், அரங்கேற்றத்துக்கு மண்டபம் எடுக்கிறோம். பிள்ளை அதையே வாழ்க்கையாக எடுக்கப் போகிறேன் என்று சொன்னால் பயப்படுகிறோம். அந்தப் பயம் பிழை என்று நான் சொல்ல மாட்டேன். எங்கள் தாய் தகப்பன் எதை விட்டுவிட்டு வந்தார்கள் என்று பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். ஆனால் சாப்பாட்டைப் பற்றிக் கேட்கிறதுக்கு முதல் ஒரு தரம் இருந்து வாசிப்பைக் கேட்டிருக்கலாம். எட்டு வருடமாக அவள் பக்கத்து அறையில் வாசிக்கிறாள். நான் அதைக் கேட்டபடி உடுப்பு மடித்திருக்கிறேன், ஈமெயில் எழுதியிருக்கிறேன். அந்த உணவகத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த சனத்துக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்?

'அஃப்குருண்டன்' படத்தை டென்மார்க் திரைப்பட நிறுவனம் தன்னுடைய மற்ற மௌனப்படங்களோடு சேர்த்து இணையத்தில் இலவசமாகப் பார்க்க வைத்திருக்கிறது. அந்த நடனத்தை மனதில் வைத்து, கொஞ்சம் வளர்ந்த பிள்ளைகளோடு பாருங்கள். வீட்டில் அம்மம்மா, அப்பம்மா இருந்தால் அவர்களையும் கூப்பிட்டு இருத்துங்கள். இடையில் வருகிற எழுத்துகள் கொஞ்சம்தான், பிள்ளைகள் வாசித்துச் சொல்லுவார்கள். மற்றதெல்லாம் அவர்களுக்கு எங்களைவிட நன்றாக விளங்கும்.

விண்ணப்பத்தைப் போட்டுவிட்டோம். நுழைவுத் தேர்வுக்கு மகள் தயாராகிக்கொண்டிருக்கிறாள். சாப்பாட்டுக்கு என்ன வழி என்ற கதையும் இன்னும் முடியவில்லை. அதை இப்போது அவளோடு இருந்து, கணக்குப் பார்த்துக் கதைக்கிறோம். இரவு எட்டு மணிக்கு அவள் பியானோவில் இருப்பாள். அம்மா மரக்கறியையும் கத்தியையும் தூக்கிக்கொண்டு அந்த அறைக்கே வந்துவிடுவா. நான் கணினியை மூடிவிட்டுப் போய்ப் பக்கத்தில் இருப்பேன்.

"ம்ம், வாசி," என்பா அம்மா. "கேப்பம்."